அசல்

கல்லுக்கட்டியில் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன்.
பக்கம் இரண்டு ரூபாய்.
காரைக்குடியின் பாதிக் கடன்
என் கண்ணாடிமேல் குப்புறப் படுத்து
பச்சை வெளிச்சம் வாங்கிக்கொண்டு போயிருக்கிறது.
எதையும் படித்ததில்லை.
ஓரம் வெட்டுப்படாமல் விழுந்ததா, அவ்வளவுதான் என் கவலை.

என் கடன் தாளையும் அப்படித்தான்
பதின்மூன்று மாதம் வைத்திருந்தேன்.

கழனிவாசலில் இரண்டு அறை, ஒரு போர்,
இன்னும் பூசாத பின்சுவர்.
இருபத்திரண்டு லட்சம். இருபது வருடம்.
மாதம் 19,442 முடியுமா என்றார்கள் வங்கியில்.
முடியும் என்றான் முத்துராக்கு.
எப்போது முடியும் என்று
நாங்கள் இருவருமே கேட்கவில்லை.

போன மாதம் ஒரு குறுஞ்செய்தி.
வட்டி அரை சதவீதம் கூடியிருக்கிறதாம்.
தங்கள் தவணையில் மாற்றமில்லை.
மாற்றமில்லை என்றதும் நிம்மதியாகி
டீ சொல்லி அனுப்பினேன்.

இன்று மழை. ஆள் இல்லை.
சும்மா இருந்த மெஷினில் என் கணக்கையே அச்சடித்தேன்.
240 வரி வரவேண்டிய தாள்
264 வரி வந்து நின்றது.
மெஷின் கோளாறோ என்று பக்கவாட்டில் தட்டிப் பார்த்தேன்.

அரை சதவீதம் என்பது
என் மகள் நிவேதாவின் இரண்டு வயது.

முதல் வரி: வட்டி 16,042. அசல் 3,400.
முதல் வருடம் கட்டியது இரண்டு லட்சத்து முப்பத்து மூன்றாயிரம்.
கடன் குறைந்தது நாற்பத்திரண்டாயிரத்துச் சொச்சம்.
விரலை வைத்துக் கீழே இறங்கினேன்.
வட்டியை அசல் முந்துவது எங்கே, எங்கே என்று
பக்கம் பக்கமாக.
175-ஆம் வரியில்.
பழைய தாளில் அது 146.
அன்றைக்கு நிவேதா ஓட்டுப் போடப் போவாள்.

கடைசித் தாளின் அடியில் கூட்டுத்தொகை,
ஐம்பத்தொரு லட்சம்.
வீடு கட்டுகிறோம், கடன் கட்டுகிறோம்:
இரண்டுக்கும் ஒரே சொல் வைத்தவன்
ரெண்டும் செய்து பார்த்திருப்பான்.

இடையில் உமையாள் ஆச்சி வந்தார்,
தேவகோட்டைப் பெரிய வீட்டின் பங்குப் பத்திரத்தோடு.
நாற்பத்தொரு கையெழுத்து, மூன்று செட்.
ஏழு பேர் அந்த வீட்டைப் பார்த்ததே இல்லையாம்.
வட்டி வாங்கிக் கட்டிய வீடு அது.
என்னுடையது வட்டி கொடுத்துக் கட்டுவது.
தாளின் கனத்தில் வித்தியாசம் தெரியவில்லை.
சில்லறை இல்லை என்றார், பரவாயில்லை என்றேன்.

"ஆச்சி, அசலை எடுத்துக்கோங்க!"
ஒரு நாளைக்கு நாற்பது தடவை கத்துகிறேன் இதை.
நகல் கைக்கு வந்ததும்
கண்ணாடிக்கடியில் கிடப்பது எல்லாருக்கும் மறந்துவிடுகிறது.
என் பத்திரத்தின் அசல் வங்கிப் பெட்டகத்தில்.
என்னிடம் இருப்பது நானே எடுத்த நகல்,
கொஞ்சம் கோணல்.

மழை விட்டது.
14-ஆம் வரியின் அசல் 2,833.
அதை இப்போதே சேர்த்துக் கட்டினால்
அந்த வரியின் வட்டி 16,609
கேட்க ஆளில்லாமல் போய்விடும்.
2,833 என்பது ஆயிரத்து நானூற்றுப் பதினேழு பக்கம்.
காகிதம், மை, கரண்டு போக
அதைவிட எவ்வளவோ கூட.
ஆடிச் சீட்டுப் பணத்தில் கைவைத்தேன்.
முத்துராக்கிடம் இன்னும் சொல்லவில்லை.

கவுண்டரில் இருந்த பையன் நிமிராமல் கேட்டான்:
"தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா?"

வாழ்க்கையில் யாரும் என்னிடம்
இப்படி ஒரு கேள்வி கேட்டதில்லை.
காலத்தை, தம்பி.

திரும்பி வந்து ஸ்கேல் வைத்துக் கோடு போட்டேன்
14-ஆம் வரிமேல்.
கை கொஞ்சம் நடுங்கியதில் 15 மேலும் பட்டுவிட்டது.
அது கிடக்கிறது.
மிச்சம் இருநூற்று ஐம்பது.